என் மேசையில் தூங்கிய உத்தரவு

மதுரையில் ஹைகோர்ட் கிளை வந்து இரண்டு வருடம் ஆகியிருக்கும். அப்போது கோவில்பட்டி வட்டாரத்தில் ஒரு தாலுகா அலுவலகத்தில் நான் கிளார்க்.

கழுகுமலைப் பக்கத்துக் கிராமத்தில் கணவரை இழந்த பெண் ஒருவருக்கு மூன்று ஏக்கர் கரிசல் நிலம் இருந்தது. அதற்குப் போகும் வண்டிப்பாதையைப் பக்கத்து நிலத்துக்காரர் முள்வேலி போட்டு அடைத்துவிட்டார். மனுக் கொடுத்து அலுத்துப்போன அந்த அம்மா கோர்ட்டுக்குப் போனார். எட்டு வாரத்துக்குள் வேலியை அகற்றும்படி எங்கள் தாசில்தாருக்கு உத்தரவு வந்தது. ஆடி மாதம் அதன் நகலை அவரே கொண்டுவந்து என்னிடம் கொடுத்தார்.

"மழைக்கு முந்தி டிராக்டர் உள்ள போவணும் சார். பாத்துச் செய்யுங்க" என்றார்.

சரி என்று வாங்கி வைத்தேன். அவ்வளவுதான். யாரிடமும் கை நீட்டவில்லை. யாரும் என்னைத் தடுக்கவும் இல்லை. வேறு ஃபைல் கட்டுகளுக்கு அடியில் அது போய்விட்டது. இரண்டு முறை வந்து கேட்டார். சர்வேயர் லீவு என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

கார்த்திகையில் தாசில்தார் பெயருக்குக் கோர்ட் அவமதிப்பு நோட்டீஸ் வந்தது. நேரில் ஆஜராக வேண்டும். நகல் போன வாரம்தான் வந்தது என்று வாய்கூசாமல் அவரிடம் சொன்னேன். அதை நம்பி அப்படியே பதில் மனு தயாரானது.

மறுநாளே வேலியை எடுக்க ஆட்களோடு சர்வேயரும் நானும் போனோம். நல்ல மழை பெய்திருந்தது. பத்தடி நடப்பதற்குள் கணுக்கால் வரை கரிசலில் புதைந்துவிட்டேன். அந்த அம்மாதான் கையைப் பிடித்து வரப்பில் ஏற்றினார். சுற்றிலும் உளுந்து பச்சையாக நின்றது. அவர் நிலத்தில் மட்டும் களை மண்டிக் கிடந்தது.

"நகல் வர லேட்டாயிட்டும்மா" என்று அவரிடமும் சொல்லிப் பார்த்தேன்.

பிளாஸ்டிக் உறையிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினார். "மறந்துட்டியளா சார்? நகல வாங்கிட்டு நீங்கதான சீல் வச்சு ஒப்புப் போட்டுத் தந்திய?"

குத்திக்காட்டவில்லை. உண்மையிலேயே நான் மறந்துவிட்டதாகத்தான் நினைத்தார். ஆடி மாதத் தேதி. பக்கத்தில் என் கையெழுத்து.

அன்று சாயங்காலமே தாசில்தாரிடம் போய் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன்.

"இதுல நான் கையெழுத்துப் போட்டிருந்தா கோர்ட்டுல பொய் சொன்னவன் நானாயிருப்பேன்யா" என்றவர், அந்தப் பதில் மனுவைக் கிழித்துப் போட்டார்.

மதுரைக் கோர்ட்டில் தாசில்தார் நடந்ததை நடந்தபடி சொல்லி மன்னிப்புக் கேட்டார். நீதிபதி கடுமையாகக் கண்டித்து, ஏற்றுக்கொண்டார். எனக்கு மெமோ கிடைத்தது. அன்று கோர்ட் வராந்தாவில் அந்த அம்மா என்னிடம் ஒன்றுதான் கேட்டார்: "பாதை கெடைச்சிட்டு. இனி வெதைக்க அடுத்த புரட்டாசிதான சார்?"

கோர்ட் எங்களை மன்னித்துவிட்டது. ஆனால் யாருக்கும் எந்தக் கெடுதலும் செய்யவில்லை என்று நான் நினைத்துக்கொண்டிருந்த அந்த நாலு மாதத்தில் ஒரு குடும்பத்தின் வெள்ளாமை என்னால் போனது என்பதை, ஓய்வு பெற்ற பிறகும் என்னால் விழுங்க முடியவில்லை.