இல்லாத நாட்டின் வரைபடம்

1965-ஆம் வருஷம், செப்டம்பர் மாதம். பாகிஸ்தானோடு சண்டை நடந்துகொண்டிருந்த நேரம். பம்பாய் தாராவியில், ஒரே அறை உள்ள வீட்டில் நானும் என் வீட்டுக்காரரும் இருந்தோம். அவருக்குத் தோல் பதனிடும் கம்பெனியில் வேலை. நான் வீட்டில் உட்கார்ந்து காகிதப் பை ஒட்டுவேன். பழைய பேப்பர் விற்கும் ரத்திக்காரரிடம் எடைக்கு வாங்கி, மைதாப் பசை காய்ச்சி ஒட்டி, மாஹிமில் ஒரு ஈரானி பேக்கரிக்கும் எங்கள் தெருமுனைக் கடலை வண்டிக்கும் கொடுப்பது வழக்கம்.

எனக்குச் சுபாவத்திலேயே பயம் ஜாஸ்தி. கதவைப் பூட்டிவிட்டு நாலு தடவை இழுத்துப் பார்ப்பேன். ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுபோனதால், புரியாத எழுத்தைப் பார்த்தாலே இதில் நமக்கு எதிராக ஏதோ இருக்கிறது என்று தோன்றும். சண்டை வந்ததும் கேட்கவே வேண்டாம். விளக்கு வெளிச்சம் வெளியே தெரியக்கூடாது என்று ஜன்னலுக்குக் கறுப்புக் காகிதம் ஒட்டச் சொன்னார்கள். எங்கள் வரிசை முழுக்க என் பசைதான். குழாயடியில் தினம் ஒரு கதை. பாராசூட்டில் ஆள் இறங்கிவிட்டானாம், சாமியார் வேஷத்தில் வேவு பார்க்கிறானாம். நான் பால்காரரைக்கூடச் சந்தேகமாகப் பார்க்க ஆரம்பித்திருந்தேன்.

ஒருநாள் வாங்கி வந்த பேப்பர்க் கட்டுக்குள், செய்தித்தாள்களுக்கு நடுவே கெட்டியான வெள்ளைத் தாள்கள் கொஞ்சம் இருந்தன. ஒரு பக்கம் மட்டும் கையால் இங்கிலீஷில் எழுதியது. நல்ல தாள், பை கிழியாது என்று சந்தோஷமாகப் பதினேழு தாளை ஒட்டிவிட்டேன். பதினெட்டாவதை எடுத்தபோது கை நின்றுவிட்டது. அது ஒரு மேப். இரண்டு கடல், நடுவே ஆறுகள், கோட்டை கோட்டையாகக் கட்டங்கள், நாலாபக்கமிருந்தும் சிவப்பு மையில் அம்புக்குறிகள். ஓரத்தில் கட்டை கட்டையாக ஓர் எழுத்து. அது இங்கிலீஷும் இல்லை, இந்தியும் இல்லை.

பக்கத்து வீட்டு மதினியைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவள் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

“ஏட்டி, இது குண்டு போடுகதுக்கு வழி வரைஞ்சது மாதிரில்லா இருக்கு!”

சாயங்காலம் வீட்டுக்காரரிடம் சொன்னால், “போலீஸ்ல கொண்டுபோய்க் குடு, இல்லன்னா அடுப்புல போடு” என்று சொல்லிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார். எனக்கு இரண்டுக்கும் பயம். போலீஸில் கொடுத்தால், உனக்கு எப்படிக் கிடைத்தது என்பார்கள். அடுப்பில் போட்டால், ஏன் எரித்தாய் என்பார்கள். மிச்சத் தாள்களைத் துணியில் சுற்றி அரிசி டின்னுக்கு அடியில் வைத்தேன். ஒட்டின பைகளை வேறு பைகளோடு கலந்து கட்டினேன். அவை வீட்டை விட்டுப் போனால் போதும் என்றிருந்தது. அன்றைக்கே சிலது கடலை வண்டிக்குப் போய்விட்டது.

மறுநாள் காலை பத்து மணி இருக்கும். எங்கள் சந்தில் ஒரு வயசானவர் வந்தார். ஒரு கண்ணில் பச்சைத் துணிக்கட்டு, தலையில் கறுப்புத் தொப்பி, கையில் குடை. ஒவ்வொரு கதவாக நின்று இந்தியில் கேட்டுக்கொண்டே வந்தார். கண் ஆபரேஷனுக்கு ஆஸ்பத்திரியில் இருந்தாராம். அந்தச் சமயத்தில் மருமகள் பழைய பேப்பரோடு அவர் எழுதி வைத்ததையும் சேர்த்துப் போட்டுவிட்டாளாம். தாராவியில் பை ஒட்டுகிறவர்களிடம் போயிருக்கும் என்று ரத்திக்காரர் சொல்லியிருக்கிறார்.

“ஒன்பது வருஷ வேலை பேட்டி. இந்தக் கண்ணை வைத்துக்கொண்டு இனி என்னால் மறுபடி எழுத முடியாது. உன்னிடம் வந்ததா?”

பேட்டி, அதாவது மகளே, என்றுதான் கேட்டார். நான் அவர் முகத்தைப் பார்க்காமல், இல்லை என்றேன்.

அவர் நாலு வீடு தாண்டுவதற்குள் மதினி மேப் விஷயத்தைச் சொல்லிவிட்டாள்; அது என்னிடம் இருப்பதை மட்டும் சொல்லவில்லை. ஆண்கள் கூடிவிட்டார்கள். ஷிப்ட் முடிந்து வந்த ஒருத்தர் பெரியவரின் குடையைப் பிடித்துக்கொண்டார்.

“எந்த நாட்டு மேப்பு அது?”

“கஸார் நாடு.”

“அது எங்க இருக்கு?”

“இப்போது இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் அழிந்துபோய்விட்டது.”

கூட்டத்தில் ஒருவர் சிரித்தார். இன்னொருவருக்குக் கோபம் வந்துவிட்டது. “இல்லாத நாட்டுக்கு எதுக்குவே மேப்பு? யாருக்குக் காது குத்துதீரு?”

நீ என்ன ஜாதி, என்ன மதம் என்று கேட்டார்கள். யஹூதி என்றார். யூதர் என்பதற்கு இந்தி வார்த்தை அது; அன்றைக்கு எங்களில் யாருக்கும் தெரியாது. தெரியாததே குற்றம் மாதிரி ஆகிவிட்டது. சட்டையைப் பிடித்து இழுத்ததில் கண்கட்டு நழுவியது. அவர் உள்ளங்கையால் அந்தக் கண்ணை மூடிக்கொண்டே, அவர்கள் இழுத்த பக்கம் நடந்தார். போலீஸ் சௌக்கிக்குக் கொண்டுபோனார்கள். அரிசி டின் எனக்கு மூன்றடி தூரத்தில் இருந்தது. நான் வாசலிலேயே நின்றேன்.

அதற்குப் பிறகு வீட்டில் இருக்க முடியவில்லை. பைக்கட்டைத் தலையில் தூக்கிக்கொண்டு மாஹிமுக்கு நடந்தேன். ஈரானி சேட் எப்போதும் பைகளை ஒவ்வொன்றாக ஊதிப் பார்த்துத்தான் எடுப்பார். அன்றைக்கு ஒரு பையை ஊதினவர், அதைத் திருப்பி மூக்குக்கு நேரே வைத்துப் படிக்க ஆரம்பித்தார். மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தேன்.

“அரே, இது கஸார் ராஜாக்கள் கதை இல்லையா? இதில் போய் பன் போடச் சொல்கிறாயே?”

“சேட், அந்த நாடு நெஜமாவே உண்டா?” என்று எனக்குத் தெரிந்த இந்தியில் கேட்டேன்.

“நாடு போய்விட்டது. ஆனால் எங்கள் ஈரானுக்கு வடக்கே ஒரு பெரிய கடல் இருக்கிறதே, இங்கிலீஷில் காஸ்பியன் என்பார்கள், அதற்கு இன்றைக்கும் எங்கள் ஆட்கள் கஸார் கடல் என்றுதான் பேர் சொல்கிறோம். என் தகப்பனார் அதில் மீன் பிடித்தவர். உனக்கு எதற்கு அதெல்லாம்?”

நான் கட்டைப் பிரித்து, அந்த வெள்ளைப் பைகளை மட்டும் பொறுக்கி மடியில் கட்டிக்கொண்டு ஓடினேன். சேட் பின்னாலிருந்து, “பாகல் ஹோ கயீ க்யா?” என்று கத்தினார். பைத்தியம் பிடித்த மாதிரிதான் ஓடினேன்.

டின்னுக்கு அடியில் இருந்ததையும் எடுத்துக்கொண்டு சௌக்கிக்குப் போனபோது, அந்த வயசானவர் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். குடை உடைந்து காலடியில் கிடந்தது. ஹவல்தார் எதையோ எழுதிக்கொண்டிருந்தார். போலீஸ் என்றால் நான் சாலை மாறிப் போகிறவள். அன்றைக்கு மேஜை மேலேயே எல்லாவற்றையும் கொட்டி, “காலையில் பொய் சொன்னேன். நான்தான் எடுத்து வைத்திருந்தேன்” என்று சொல்லிவிட்டேன். மதினி சொன்னது, சேட் சொன்னது, கடல் பெயர், எல்லாம் கலந்து கட்டி உளறினேன். ஹவல்தார் மேப்பை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். பெரிய ஆபீசரிடம் காட்டி, அது பழைய சரித்திரம்தான் என்று தெரிந்துகொண்டு வந்து, மராத்தியில் என்னைக் கண்டபடி திட்டினார். பிறகு இரண்டு பேரையும் போகச் சொன்னார்.

வயசானவர் என்னைத் திட்டவில்லை. பைகளைத் தடவிப் பார்த்து, “இது பிரியுமா?” என்று மட்டும் கேட்டார்.

மைதாப் பசைதானே. ஈரத்துணி போட்டு வைத்தால் பிரியும். வீட்டுக்குக் கூட்டி வந்தேன். எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்க, வாசலில் பாய் விரித்து ஒவ்வொரு பையாக நனைத்துப் பிரித்தேன். அவர் ஒற்றைக் கண்ணால் வரிசைப்படுத்தினார். காலையில் குடையைப் பிடித்தவர் போய் டீ வாங்கி வந்து அவர் பக்கத்தில் வைத்தார். மதினி கதவுக்குப் பின்னாலிருந்து, “அந்தக் கஸார் ராஜா என்ன சாமி கும்பிட்டாராம்னு கேளுட்டி” என்றாள்.

மேப் ஓரத்தில் இருந்தது யூதர்களின் ஹீப்ரூ எழுத்து என்று ஆரம்பித்து அவர் சொன்னார். ராஜா யூத மதத்துக்கு மாறியவராம். ஆனால் அந்த ஊரில் முஸ்லிம், கிறிஸ்தவர், வேறு சாமி கும்பிடுகிறவர் எல்லோரும் இருந்தார்களாம். ஒவ்வொரு மதத்தாருக்கும் தனித்தனி நீதிபதி உண்டென்று அந்தப் பக்கம் பற்றி அரபிக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்களாம். ஐரோப்பாவில் இருக்கும் யூதர்கள் அவர்கள் வம்சம்தான் என்று சிலர், இல்லவே இல்லை என்று சிலர், இன்னும் சண்டை தீரவில்லையாம்.

“நீங்க அவங்க வம்சமா?” என்று கேட்டேன்.

சிரித்தார். “நான் பம்பாய்க்குத் தெற்கே கொங்கண் கரைக்காரன். எங்கள் யூதர்கள் அங்கே பல நூறு வருஷமாக இருக்கிறார்கள். எங்கள் வீட்டில் எண்ணெய் செக்கு ஓட்டினார்கள். எல்லோரும் நீ எங்கிருந்து வந்தாய் என்று என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். அதனால் அந்தக் கஸார்கள் எங்கே போனார்கள் என்று நான் தேட ஆரம்பித்தேன்.”

பதினேழில் பதினைந்து கிடைத்தது. கடலை வண்டிக்காரர் பையெல்லாம் தேடிப் பார்த்தார். இரண்டு தாள் யாரோ கடலை தின்று எறிந்த இடத்துக்குப் போய்விட்டது. அதில் என்ன இருந்தது என்று கேட்கவே பயமாக இருந்தது. ஆனாலும் கேட்டேன்.

கஸார்களைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி அக்கம்பக்கத்து நாட்டார் எழுதி வைத்ததுதானாம். பயந்தவர்கள், சண்டை போட்டவர்கள், வியாபாரத்துக்கு வந்தவர்கள் எழுதியது. அவர்களே தங்களைப் பற்றிச் சொன்னதாக ராஜா பெயரில் ஒரு கடிதம் உண்டாம். அதைத்தான் அந்த இரண்டு தாளில் எழுதி வைத்திருந்தாராம்.

“கண் ஆறினதும் லைப்ரரிக்குப் போய் மறுபடி எழுதிக்கொள்கிறேன் பேட்டி” என்றார். ஈரத்தாள்களை மடியில் வைத்து, உடைந்த குடையை ஊன்றிக்கொண்டு போனார். எழுதினாரா, கண் ஆறியதா என்று எனக்குத் தெரியாது. அவர் பெயரைக்கூட நான் கேட்டு வைத்துக்கொள்ளவில்லை.

இத்தனை வருஷமாகியும், தெரியாத ஆள் யாராவது எங்கள் சந்தில் வந்து நின்றால் எனக்கு முதலில் பயம்தான் வருகிறது. ஆனால் அவரைப் பற்றிப் பக்கத்து வீட்டில் சொல்வதற்கு முன்னால், அவரிடமே போய் யாரென்று ஒரு வார்த்தை கேட்டுவிடுகிறேன்.