தோணிக்காரக் கம்பத்தின் குழாய்

ஜன்னத்துக்கு மனிதர்களைப் பற்றி உயர்ந்த அபிப்பிராயம் கிடையாது. பினாங்குத் துறைமுகத்துக்குப் பின்னால், அலை ஒதுங்கினால் சேறு நாறும் தோணிக்காரக் கம்பம் என்ற குடியிருப்பில் எந்த முஸ்லிம் பெண் இறந்தாலும் குளிப்பாட்டி, வெள்ளைத் துணி சுற்றிக் கபனிடுவது அவள்தான். அந்த வேலையில் ஒருத்தரைப் பற்றித் தெரியாதது எதுவும் மிஞ்சுவதில்லை. அத்தர் பூசிக்கொண்டு ஊரை மணக்க வைத்தவளின் முதுகில் அவள் புருஷனின் பிரம்புத் தழும்புகளைப் பார்த்திருக்கிறாள். அந்தப் புருஷன் வாசலில் நின்று மாரில் அடித்துக்கொண்டு அழுததையும் பார்த்திருக்கிறாள். "அழட்டும். இனிமே அடிக்க ஆள் இல்லையே, அந்தக் கவலை அவருக்கு" என்று சொல்லிவிட்டுக் கற்பூரத்தை நுணுக்கப் போய்விட்டாள்.

அவளுடைய சொந்தப் புருஷன் கப்பலில் லஸ்கராக, கூலி மாலுமியாகப் போனவன், ரங்கூனில் இறங்கி அங்கேயே இன்னொருத்தியைக் கட்டிக்கொண்டான். சேதி வந்தபோது பக்கத்து வீட்டுப் பெண்கள் ஆறுதல் சொல்லக் கூடினார்கள். "எனக்கு ஏன் ஆறுதல்? அவளுக்குப் போய்ச் சொல்லுங்க" என்றாள்.

இந்த வேலைக்கு அவள் வந்தது பெரிய காய்ச்சல் வருஷத்தில். வீட்டுக்கு வீடு சாவு. குளிப்பாட்டும் கிழவியும் அதிலேயே போய்விட்டாள். யாரும் யார் வாசலையும் மிதிக்கவில்லை. ஜன்னத் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளே போனாள். அப்போது மீரா சாகிபின் கூடப்பிறந்த தங்கையும் இறந்தாள். கப்பல்களுக்குக் கயிறும் லாந்தரும் விற்கும் கடைக்காரர் அவர், கம்பத்திலேயே வசதியானவர். தங்கையின் உடலை, அந்த மையத்தை எடுக்கும்போது அவர் மாடிச் சன்னலைக் கையளவு திறந்து, மூக்கில் கைக்குட்டையை வைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தார். அதற்குப் பிறகு அவர் எத்தனை கோட்டுப் போட்டாலும் ஜன்னத்தின் கண்ணுக்கு அந்தக் கைக்குட்டை மட்டும்தான் தெரிந்தது.

சில வருஷம் கழித்து அந்தச் சட்டம் வந்தது.

தீவில் இருக்கிறவர்கள் தங்கள் காரியத்தைத் தாங்களே பார்த்துக்கொள்ள வேண்டும் என்று அரசாங்கத்துக்குத் திடீரென்று தோன்றிவிட்டதாம். ஒவ்வொரு கம்பமும் மூன்று பேர் கொண்ட குழுவைத் தேர்ந்தெடுக்கலாம், குழு கேட்பதை அரசாங்கம் காது கொடுத்துக் கேட்கும், ஒத்தாசையும் செய்யும். இதைச் சொல்ல அரசாங்க அதிகாரியான ஒரு வெள்ளைக்காரத் துவான் வந்தார். பள்ளிவாசல் பக்கத்து மைதானத்தில் கூட்டம் போட்டார்கள். துவான் இங்கிலீஷில் சுருக்கமாக ஏதோ படித்தார். மீரா சாகிப் அதை வெகு நேரம் தமிழில் சொன்னார்.

"இனிமே நம்ம ராஜ்ஜியம் நம்ம கையிலதான்லா!" என்று முடித்தார். கூட்டம் கைதட்டியது. வேலிக்கு அந்தப் பக்கம் பெண்களோடு நின்ற ஜன்னத், "ராஜ்ஜியமாம். ஓட்டைக் கூரைக்குக் கீத்து மாத்த வக்கில்லாதவனெல்லாம் தட்டுறான் பாரு" என்றாள்.

ஆண்கள் கையைத் தூக்கி ஓட்டுப் போட்டார்கள். பெண்களுக்குத் தூக்கக் கை இருந்ததாகச் சட்டம் எழுதியவர்களுக்குத் தோன்றவில்லை. மீரா சாகிப் தலைவரானார். இரண்டாவது ஆள் அவருடைய மச்சான். மூன்றாவது, காது கேளாத ஒரு பெரியவர். அவர் எதற்கும் தலையாட்டுவார் என்பதால் அவரைவிடத் தோதான உறுப்பினர் கிடைத்திருக்க மாட்டார்.

குழுவுக்குக் கிடைத்த முதல் ஒத்தாசை ஒரு தண்ணீர்க் குழாய். கம்பத்தில் அதுவரை இருந்தது ஒரே ஒரு கிணறு. தண்ணீர் லேசாக உவர்க்கும், ஆனாலும் வற்றாது. குழாயைக் கம்பத்தின் நடுவில் வைக்க வேண்டும் என்று துவான் சொல்லியிருந்தார். மீரா சாகிப் நடு எது என்று தேடிப் பார்த்ததில், அது அவர் வீட்டு மதில் மூலைக்கு வந்து சேர்ந்தது. அங்கிருந்து ஒரு கிளைக் குழாய் மதிலுக்குள் நுழைந்து அவர் குளியலறைக்கும் போனது. அதை யாரும் கேட்கவில்லை. குழாய் வந்துவிட்டதே, இனிக் கிணறு எதற்கு, கொசு வளர்க்கவா என்று குழு தீர்மானம் போட்டது. மச்சான் ஆள் வைத்துக் கல்லையும் மண்ணையும் கொட்டிக் கிணற்றை மூடினார். அப்புறம் சிறுசுகள் குழாயைத் திறந்துவிட்டுத் தண்ணீரில் ஆடுகிறார்கள் என்று இன்னொரு தீர்மானம். குழாயைச் சுற்றி மரப்பெட்டி அடித்துப் பூட்டுப் போட்டார்கள். விடிந்ததும் கொஞ்ச நேரம், பொழுது சாய்ந்ததும் கொஞ்ச நேரம் திறப்பார்கள். சாவி தலைவரின் இடுப்பு வாரில் தொங்கியது.

பூட்டுப் போட்ட அன்றைக்கே ஜன்னத் போய்க் கேட்டாள்.

"மொதலாளி, நடுப்பகல்ல ஒருத்தி மௌத்தாப் போனா, குளிப்பாட்ட எங்கே போய்த் தண்ணி எடுக்கிறது?"

"முன்கூட்டியே சொல்லி அனுப்பு, தொறந்து விடச் சொல்றேன்" என்றார் மீரா சாகிப்.

"யாரு, மௌத்தாகிறவளா?"

அவர் முகம் சிவந்தது. "சட்டம் தெரியாம பேசாதே. குழுவுக்கு மனு எழுதிப் போடு. அடுத்த கூட்டத்துல பார்ப்போம்."

ஜன்னத் அவரை மேலிருந்து கீழே ஒருமுறை பார்த்தாள். அவர் போட்டிருந்த கோட்டில் நின்றது பார்வை, பிறகு சாவியில். திரும்பி நடந்தாள். அவள் திட்டாமல் போவது திட்டிவிட்டுப் போவதைவிட மோசம் என்று கம்பத்தில் எல்லோருக்கும் தெரியும்.

மழைக்காலம் முடிகிற சமயம், கம்பத்தின் கடைக்கோடியில் குடியிருந்த மஹ்பூபா காய்ச்சலில் இறந்தாள். அவள் புருஷன் ஷேக் அலாவுதீன் தொங்காங் என்னும் சரக்குப் படகுகளில் மூட்டை தூக்குகிறவன். ஆள் மலை மாதிரி இருப்பான், முதுகெலும்பு மட்டும் இருக்காது. உயிர் பிரிந்தபோது காலைத் தண்ணீர் திறந்து மூடியாகிவிட்டது. மீரா சாகிபும் மச்சானும் அக்கரையில், பட்டர்வொர்த்தில். புதுக் குழுக்களுக்கெல்லாம் துவான்மார் அங்கே தேநீர் விருந்து வைத்திருந்தார்கள். சாவி தலைவரோடு ஃபெரி ஏறிப் போயிருந்தது.

ஜன்னத் வந்து பார்த்தாள். பானையில் அடித்தண்ணீர் கிடந்தது. வீடு வீடாகக் கேட்டதில் செம்பும் கோப்பையுமாகச் சேர்ந்தது முகம் கழுவத்தான் காணும்.

"சாயந்திரம் வந்துடுவாருலா அக்கா" என்றான் ஷேக் அலாவுதீன், கண்ணைத் துடைத்துக்கொண்டு. "அதுவரைக்கும் பொறுத்துக்கலாம்."

"அவ பொறுத்துக்குவா. இந்த வெக்கை பொறுக்குமா?"

"கடல் தண்ணியில குளிப்பாட்டலாம்னு சொல்றாங்களே. ஆகும்தானே?" என்று வாசலில் நின்ற ஒருவர் இழுத்தார்.

"ஆகும். போய் மொண்டுகிட்டு வாங்க. கப்பல் எண்ணெயும் மீன் கழிவும் மிதக்குற தண்ணி. உங்க வீட்டு மையத்துக்கு அதுதான்னா நான் வாயைத் தொறக்கல." ஜன்னத் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தாள். "இத்தனை ஆம்பளை நிக்கிறீங்க. ஒரு மரப்பெட்டியை உடைக்க ஒருத்தனுக்குக் கை வரலையா?"

"சட்டம்க்கா. மாத்தா மாத்தா புடிச்சு ஸ்டேஷனுக்கு இழுத்துட்டுப் போயிடுவான்."

"சரி, உடைக்க வேணாம். தூக்கவாவது தெரியுமா? சந்தூக்கைக் கொண்டாங்க."

மஹ்பூபாவைப் போர்த்திச் சந்தூக்குப் பாடையில் வைத்தார்கள். எங்கே போகிறோம் என்று தூக்கியவர்களுக்கு விளங்கவில்லை. ஜன்னத் முன்னால் நடந்தாள். கையில் வெள்ளைத் துணியும் இலந்தை இலையும் கற்பூரமும். ஆண்களுக்கு முன்னால் ஒரு பெண் மையத்தை நடத்திக்கொண்டு போவதைக் கண்டு சன்னல்கள் திறந்தன. அவள் மீரா சாகிபின் வாசலில் போய் நின்றாள். தூக்கியவர்களில் ஒருவன் அப்போதே பின்பக்கமாக நழுவப் பார்த்தான். "நீ விட்டாக் கீழே விழுறது அவ. பார்த்துக்க" என்றாள். அவன் நின்றுவிட்டான்.

கதவைத் திறந்தவள் மீரா சாகிபின் மனைவி சித்தி ஆயிஷா. வெளியே அதிகம் வராதவள். சந்தூக்கைப் பார்த்ததும் அவள் கை கதவிலேயே ஒட்டிக்கொண்டது.

"அவங்க வீட்டுல இல்லையே அக்கா..."

"நான் தண்ணிதான் கேட்டு வந்தேன். உன் புருஷனை வச்சு நான் என்ன செய்ய?"

"வந்து கேட்டா என்ன பதில் சொல்லுவேன்?"

"தெரியல. சொல்லத் தெரியாட்டிக் கதவைச் சாத்திக்க. நான் இங்கேயே தெருவுல இறக்கி வச்சிட்டு, அவர் வர்ற வரைக்கும் காத்துக் கிடக்கேன். ஊரு பார்க்கட்டும்."

சித்தி ஆயிஷா மையத்தைப் பார்த்தாள். போர்வைக்கு வெளியே மஹ்பூபாவின் ஒரு பாதம் தெரிந்தது, பிளந்த குதிகாலோடு. அவள் குனிந்து போர்வையை இழுத்து அந்தப் பாதத்தை மூடினாள். பிறகு இரண்டு கதவையும் விரியத் திறந்தாள்.

ஆண்கள் மையத்தைக் குளியலறைக்கு முன்னால் இறக்கிவிட்டு வெளியே போனார்கள். திரை கட்டினார்கள். தண்ணீர் தாராளமாக வந்தது, உப்பில்லாத மலைத் தண்ணீர். சித்தி ஆயிஷா யாரும் கேட்காமலே சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு மொண்டு ஊற்ற வந்தாள். முதல் செம்புத் தண்ணீர் பாதி வெளியே சிந்தியது. ஜன்னத் ஏதாவது சுருக்கென்று சொல்வாள் என்று எதிர்பார்த்திருப்பாள். ஜன்னத் சொல்லவில்லை. "மெதுவா, தலைப்பக்கம்" என்று மட்டும் சொன்னாள்.

கபனிட்டு முடிக்கிற நேரம் வாசலில் கார்ச் சத்தம் கேட்டது. விருந்து முடிந்த கையோடு, தோணிக்காரக் கம்பம் எவ்வளவு முன்னேறியிருக்கிறது என்று காட்ட மீரா சாகிப் துவானையே அழைத்து வந்திருந்தார். பெட்டிக்குள் இருக்கும் குழாயைக் காட்டச் சாவியைக் கையில் தயாராக எடுத்தும் வைத்திருந்தார். இறங்கியவர் தன் வாசல் முழுக்க ஜனம் நிற்பதைப் பார்த்தார். உள்ளே சந்தூக்கையும் பார்த்தார்.

"என்ன இது?" என்று துவான் மலாயில் கேட்டார்.

மீரா சாகிபின் வாய் ஒரு நொடி திறந்தபடியே நின்றது. வியாபாரி அல்லவா, அதற்கு மேல் நிற்கவில்லை. "ஏழை மையத்துக்கு நம்ம வீட்டுலதான் துவான் எல்லா ஏற்பாடும். குழுத் தலைவர்னா இதையெல்லாம் பார்க்கணுமே!" என்றார், கையை நெஞ்சில் வைத்து.

ஈரக் கையோடு வெளியே வந்த ஜன்னத்தின் காதில் அது விழுந்தது. ஷேக் அலாவுதீனைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான். தூக்கி வந்தவர்களைப் பார்த்தாள். அவர்கள் துவானின் காரைப் பார்த்தார்கள். அவள் துவானிடமே போய், மலாயில், எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள்.

"இவர் பொய் சொல்றார் துவான். குழாயைப் பூட்டினது இவர். கிணத்தை மூடினது இவர். அந்தச் சாவி இவர் கையிலேயே இருக்கு, பாருங்க."

துவானுக்கு மலாய் நன்றாகத் தெரியும். அவர் சாவியைப் பார்த்தார், மரப்பெட்டியைப் பார்த்தார், மதிலுக்குள் நுழையும் கிளைக் குழாயையும் பார்த்தார். விஷயம் விளங்கிவிட்டது என்பது அவர் முகத்தில் தெரிந்தது. ஆனால் குழுக்கள் நன்றாக நடக்கின்றன என்று மேலிடத்துக்குச் சொல்வதற்காகத்தான் அவர் தீவைச் சுற்றிக்கொண்டிருந்தார். நன்றாக நடக்காத ஒரு குழுவைக் கண்டுபிடிப்பது அவருக்கு உபயோகப்படாது. அவர் தொப்பியைக் கழற்றி மையத்துக்கு மரியாதை செய்தார். மீரா சாகிபின் தோளைத் தட்டி, "நல்ல காரியம்" என்றார். கார் ஏறும்போது குரலைத் தாழ்த்தி, "அந்தப் பூட்டை எடுத்துவிடுங்கள்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மீரா சாகிப் மனைவியைப் பார்த்து ஏதோ கத்த வாயெடுத்தார். "மையத்து வீட்டுல இருக்கு. மெதுவாப் பேசுங்க" என்றாள் சித்தி ஆயிஷா. கல்யாணமான நாளிலிருந்து அவள் அவருக்குச் சொன்ன முதல் உத்தரவு அதுவாகத்தான் இருக்கும். அவர் மெதுவாகப் பேசினார்.

மாலை அஸர் தொழுகைக்குள் மஹ்பூபாவை அடக்கம் செய்துவிட்டார்கள்.

பூட்டு எடுக்கப்பட்டது. அதோடு நிற்கவில்லை. துவான் மேலிடத்தில் என்ன சொன்னாரோ, அடுத்த வருஷம் கம்பத்தின் கடைக்கோடிக்கு இன்னொரு குழாயும், மையத்துக் குளிப்பாட்ட ஒரு தகரக் கொட்டகையும் அனுமதியாகி வந்தன. கொட்டகை வாசலில் மீரா சாகிபின் பெயர் வெட்டிய கல். திறப்பு விழாவுக்கு ஜன்னத்தையும் அழைத்தார்கள். "பொம்பளைங்க பகுதிக்குப் பொறுப்பாளின்னு உனக்கு ஒரு பதவி தர்றோம்" என்று மச்சான் வந்து சொன்னார்.

"நான் குளிப்பாட்டுறதுக்கு நீங்க யாரு பதவி குடுக்க? மையத்துங்க குடுக்கட்டும், வாங்கிக்கிறேன்" என்று அவரை வாசலோடு அனுப்பினாள்.

குழுத் தேர்தல் மறுபடி வந்தது. மீரா சாகிப் மறுபடி நின்றார். மைதானத்தில் கைகள் உயர்ந்தபோது ஜன்னத் வேலி ஓரம் நின்று பார்த்தாள். முன்வரிசையில் ஒரு கை, மற்ற எல்லாக் கைகளையும்விட உயரமாக நின்றது. ஷேக் அலாவுதீனின் கை.

கூட்டம் கலைந்ததும் அவனை வழிமறித்தாள். "நீயுமாடா?"

"அவங்க வீட்டுலதானே அக்கா குளிப்பாட்டினோம்" என்றான் அவன், உண்மையான நன்றியோடு. "பெரிய மனுஷன் வீடு. மஹ்பூபாவுக்குக் கிடைச்ச அந்தக் கொடுப்பினை யாருக்குக் கிடைக்கும்?"

ஜன்னத் அவன் முகத்தை உற்றுப் பார்த்தாள். ஏதாவது வெட்கம், ஏதாவது கள்ளம் இருந்தால் திட்டியிருப்பாள். ஒன்றும் இல்லை. கழுவித் துடைத்த தட்டு மாதிரி இருந்தது அந்த முகம்.

"போ. போய் நல்லா இரு" என்றாள்.

அதற்குப் பிறகு அவள் எந்தக் கூட்டத்துக்கும் போகவில்லை. கம்பத்தைப் பற்றி யாராவது பெருமையாகப் பேசினால் வெற்றிலையைத் துப்பிவிட்டு எழுந்துவிடுவாள். ஆனால் சாவுச் சேதி வந்தால் முதல் ஆளாகப் போய் நிற்பாள், அது யார் வீடாக இருந்தாலும். பெண்களின் மையத்துக்குச் சில நாள் அவளோடு சித்தி ஆயிஷாவும் வந்து தண்ணீர் மொண்டு கொடுத்தாள். இருவரும் அதிகம் பேசிக்கொண்டதில்லை. "தலைவர் பொண்டாட்டி எதுக்கு இங்கே வருது?" என்று ஒருத்தி கேட்டதற்கு, "உனக்கு வரத் தெரியல, அவளுக்குத் தெரிஞ்சிருக்கு" என்று சொல்லிவிட்டு ஜன்னத் துணியைக் கிழிக்க ஆரம்பித்தாள்.