ஸுஹைறாவின் வீட்டு அந்நியர்

கல்முனை பஸாரில் றஸாக்கின் சீடிக் கடையைத் தெரியாத இளவட்டம் அந்தக் காலத்தில் இல்லை. எல்லாப் படமும் விற்றார்; ஆனால் அவர் உயிரை விட்டது ஒரேயொரு வகைக்குத்தான். ஓயாமல் மழை பெய்யும் ஊர், வானத்தை முட்டும் விளம்பர வெளிச்சம், தான் மனிதனா இயந்திரமா என்று தனக்கே தெரியாத ஆட்கள். படப் பைத்தியம் என்று மனைவி ஸுஹைறா ஏசுவாள். ஏசிக்கொண்டே பக்கத்திலிருந்து பார்ப்பாள்.

ஒரு படத்தில், செத்துப்போனவனின் நினைவையெல்லாம் ஏற்றிக்கொண்ட இயந்திரம் அவன் மனைவியின் கதவைத் தட்டும். திறக்கலாமா என்று இருவரும் சோறு ஆறும்வரை வாதாடினார்கள். நினைவுதான் ஆள், திறக்க வேண்டியதுதான் என்பது றஸாக்கின் கட்சி. நினைவைக் களவெடுக்கலாம், குணத்தை எடுக்க ஏலுமா என்று அவள் மடக்கினாள். இவளுக்குப் படம் விளங்கவில்லை என்று அவர் சிரித்துவிட்டார்.

அறுபது தாண்டியதும் அவருடைய நினைவு கரையத் தொடங்கியது. முதலில் கடைச் சாவி, பிறகு கடை, பிறகு மகள் றிபாவின் பெயர். டாக்டர்மார் கையை விரித்தார்கள். தன்னை மட்டும் மறக்கமாட்டார் என்று ஸுஹைறாவுக்கு ஒரு நப்பாசை. ஒரு காலை தேநீரோடு அறைக்குள் போனவளைக் கண்டு அவர் பதறி எழும்பி, பார்வையைத் தாழ்த்திக்கொண்டார்.

"ராத்தா, கதவத் திறந்து வைங்க. நாம ரெண்டு பேரும் தனிய இரிக்கப்படாது."

கட்டிய மனைவியைப் போய் அக்கா முறையில் ராத்தா என்றால் எந்தப் பெண்தான் தாங்குவாள்? கல்யாணப் படத்தைக் காட்டினாள். அதிலிருந்த குமர்ப்பெண்ணைத் தொட்டு, இவதான் ஸுஹைறா, நீங்க ஆரு என்று கேட்டார். அது அவளுடைய சீதன வீடு. அந்தப் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து வாழ்வார். அவளைத் தெரியாமல் போனதும், அவருக்கு அது பிறத்தியார் வீடாகிவிட்டது. வீட்டுக்குப் போகவேண்டும் என்று தினமும் சட்டையை மாட்டிக்கொண்டு வாசலில் நிற்பார். அவர் தேடியதும் இதே வீட்டைத்தான்.

ஒரேயொரு தடவை பக்கத்தில் இருக்க விட்டால் போதும் என்று அவள் ஏங்கினாள். காய்ச்சலில் அவர் நடுங்கிக் கிடந்த பகலில், மனம் கேட்காமல் கையைப் பிடித்தாள். அவர் வெடுக்கென்று இழுத்துக்கொண்டார். என்மேல் ஏன் இவ்வளவு வெறுப்பு என்று கேட்டு அவள் அழுதேவிட்டாள்.

"வெறுப்பு ஒண்டுமில்ல ராத்தா. நல்லாத்தான் பாக்கிறீங்க. எனக்குப் பொண்டாட்டி இரிக்கா. கேள்விப்பட்டா அவட மனசு நோகும்."

பெயரும் முகமும் போன தலைக்குள், அவள் மனம் நோகக்கூடாது என்பது மட்டும் போகாமல் கிடந்திருக்கிறது. பெருமையாகவும் இருந்தது, நெஞ்சு வெடிப்பது போலவும் இருந்தது. அவர் தன் மனைவிக்கு உண்மையாக இருக்க வேண்டுமென்றால், அவள் அந்நியப் பெண்ணாகத்தான் இருந்தாக வேண்டும்.

முக்காட்டை இழுத்துவிட்டு, கதவை அகலத் திறந்து, வாசற்படிக்கு வெளியே போய் இருந்தாள். அவர் நடுக்கத்தோடு கேட்டார்.

"அவ வந்தா சொல்லுங்க ராத்தா, நான் அவவத்தான் பாத்துக்கிட்டு இரிக்கன் எண்டு."

கட்டியவரை அண்ணன் முறை வைத்துக் கூப்பிட அவளுக்கு நாக்குக் கூசியது. ஆனாலும் சொன்னாள்.

"சொல்றன் காக்கா."

அவர் நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொண்டார்.