கோழிக்கண்ணி

என் மாமாவின் வலது பாதத்தைத் தின்றது ஒரு சோற்றுப் பானை என்றுதான் நான் வெகுகாலம் நம்பியிருந்தேன்.

அதற்குக் காரணம் மலாய் மொழி. ஒரு நாள் பிற்பகல் ரப்பர்த் தோட்டத்தில் வரிசை வீடுகளாக இருந்த எங்கள் லயத்துக்கு ராணுவ ஜீப் ஒன்று வந்தது. அதிலிருந்து இறங்கிய சார்ஜன் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு அப்பாவிடம் தணிந்த குரலில் பேசினார். அவர் பேசியதில் ‘பெரியோக் ஆப்பி’ என்ற இரண்டு சொற்கள் மட்டும் எனக்குப் பிடிபட்டன. பெரியோக் என்றால் பானை, ஆப்பி என்றால் நெருப்பு. ஏதோ நெருப்புப் பானையை மாமா பார்க்காமல் மிதித்துவிட்டார் என்று புரிந்துகொண்டேன். அம்மா வாசற்படியிலேயே உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். அன்றிலிருந்து நான் அடுப்படிப் பக்கம் போகவில்லை. சோறு கொதித்து மூடி தடதடத்தால் வெளியே ஓடிவிடுவேன். “நெருப்புன்னா இந்தப் புள்ளைக்கு எவ்ளோ பயம் பாரு” என்று அம்மா பக்கத்து வீட்டில் பெருமையாகச் சொல்லிக்கொண்டாள்.

பிறகு தமிழ்ப் பத்திரிகையில் மாமாவின் படம் வந்தது. அதில் ‘கண்ணிவெடி’ என்று போட்டிருந்தார்கள். மலாயில் நெருப்புப் பானை என்பது அதைத்தான் என்று எனக்குத் தெரியாது. நான் எழுத்துக்கூட்டிப் படிக்கத் தொடங்கியிருந்த வயது. கண்ணி எனக்குத் தெரியும். ரப்பர்க் காட்டுக்குள் காட்டுக்கோழி பிடிக்க அப்பா வைப்பது. பானைக்கும் கோழிக்கண்ணிக்கும் என்ன சம்பந்தம் என்று கொஞ்சநேரம் யோசித்துவிட்டு விளையாடப் போய்விட்டேன்.

மாமா அம்மாவுக்குத் தம்பி. சுங்காய்ப் பட்டணத்திலிருந்து உள்ளே தள்ளி இருந்த எங்கள் தோட்டத்தில் பிறந்து, ரப்பர்ப் பால்வாளி தூக்கமாட்டேன் என்று சொல்லிப் பட்டாளத்தில் சேர்ந்தவர். லீவில் வந்தால் தேய்த்த சட்டையும் பிஸ்கட் டின்னும் பெரிய சிரிப்புமாக வருவார். லயத்துப் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி அணிவகுக்கச் சொல்வார். ஒழுங்காக நடந்தவர்களுக்கு இரண்டு பிஸ்கட், நடக்காதவர்களுக்கும் இரண்டு பிஸ்கட்.

அடுத்த லயத்துப் பெண்ணைத்தான் கட்டினார். அத்தை சிறு பெண்ணாக இருந்தபோதே தன் அம்மாவோடு மரம் வெட்டப் போனவள். எங்கள் தோட்டத்தில் மரம் வெட்டுவதென்றால் சாய்ப்பது இல்லை. பட்டையை உளியால் சீவிப் பால் இறக்குவது. அந்த வேலையில் அவளை யாரும் முந்த முடியாது. உரத்த குரல், நீளமான கால்கள். நடந்தால் நாங்கள் பின்னாலேயே ஓடவேண்டும். கல்யாணமாகி ஒரு தீபாவளிகூட அவர்கள் சேர்ந்து கொண்டாடவில்லை. அதற்குள் வடக்கே கிரிக் ஊருக்கு மேலே, தாய்லாந்து எல்லைக் காட்டில், கம்யூனிஸ்டுகள் புதைத்துவிட்டுப் போனதை மாமா மிதித்துவிட்டார்.

ஆஸ்பத்திரியிலிருந்து அவர் வீடு திரும்பியபோது இரண்டு கால்களிலும் பூட்ஸ் இருந்தது. ஒன்றுக்குள் மட்டும் மரமோ ரப்பரோ ஏதோ ஒன்று. எந்தக் கால் என்று கண்டுபிடிக்க நாங்கள் கட்டிலுக்குக் கீழே குனிந்து பார்ப்போம். அம்மா எங்கள் காதைத் திருகி வெளியே இழுத்துவருவாள்.

அவர் வந்த சமயம் ரப்பர்க் காய்கள் வெடிக்கும் பருவம். உச்சிவெயிலில் காய்கள் பட்டென்று வெடித்து, விதைகள் லயத்துத் தகரக் கூரையில் வந்து விழும். எங்களுக்கு அது கொண்டாட்டம். பொறுக்கி வைத்து விளையாடுவோம். மாமா வீட்டுக் கதவு மட்டும் அந்த வெயிலிலும் சாத்தியிருக்கும். உள்ளே அத்தை ரேடியோவைச் சத்தமாக வைத்திருப்பாள். பாட்டு கேட்கத்தான் என்று நினைத்தோம்.

அம்மா எங்களுக்குச் சில சட்டங்கள் போட்டாள். மாமா முன்னால் காடு என்று சொல்லக்கூடாது. பட்டாளம் என்று சொல்லக்கூடாது. ஓடக்கூடாது. பின்னாலிருந்து கூப்பிடக்கூடாது. பந்து விளையாட்டைப் பற்றிப் பேசவே கூடாது, ஏனென்றால் மாமா பந்து விளையாடியவர். இப்படி ஒவ்வொன்றாகச் சேர்ந்து, கடைசியில் அவரோடு பேச “சாப்பிட்டீங்களா மாமா” என்ற ஒரு கேள்விதான் மிச்சமிருந்தது. அதையே தினமும் கேட்டோம். அவரும் தினமும் தலையாட்டினார். பெரியவர்கள்கூட அவர் வீட்டுக்குள் நுழைந்தால் வாயைத் திறக்குமுன் ஒரு நொடி நின்று யோசிப்பார்கள்.

அடுத்த வருடத் தொடக்கத்தில் மரங்கள் இலை உதிர்த்தன. தரை தெரியாமல் காடு முழுக்கச் சருகு. அப்போதுதான் மாமா ஒரு நாள் விடியற்காலையில் பூட்ஸைப் போட்டுக்கொண்டு, கையில் ஒரு கம்போடு, மரம் வெட்டக் கிளம்பிய அத்தைக்கு முன்னால் வாசலில் வந்து நின்றார்.

“எங்க கெளம்பிட்டீங்க?” என்றாள் அத்தை.

“நான் முன்னால போறேன். நீ பின்னால வா.”

“ஐயோ, எனக்குத் தெரியாத மரமா லா? கண்ண மூடிக்கிட்டு போய் வருவேன்.”

“சருகு கெடக்கு. அடியில என்னா இருக்குன்னு யாருக்குத் தெரியும்?”

அன்றிலிருந்து அவர் தினமும் போனார். கம்பால் சருகை விலக்கி, குத்திப் பார்த்து, ஒரு அடி வைப்பார். பிறகு இன்னொன்று. நீளக் கால்களை வைத்துக்கொண்டு அத்தை அவர் பின்னால் எறும்புபோல ஊர்ந்தாள். எல்லாரும் பாலை ஸ்டோரில் நிறுத்துவிட்டுக் குளித்து முடித்த பிறகுதான் அவளுடைய வாளி வந்து சேரும். தண்ணீர்க் குழாயடியில் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். “நமக்கெல்லாம் உளி மட்டும்தான். அவளுக்கு பட்டாளமே காவல் வருது.” அத்தை காதில் விழாததுபோல வாளியைத் தேய்ப்பாள். அம்மா ஒருநாள் அவளைத் தனியே கூப்பிட்டு, “நீயாச்சும் சொல்லக் கூடாதா?” என்று கேட்டாள்.

“வீட்டுக்குள்ள கதவ சாத்திக்கிட்டு கெடந்தவரு அக்கா. இப்பத்தான் வெளிய வாராரு. நான் எப்படி வேணாங்கறது?”

அந்தச் சமயம் வந்த பள்ளி விடுமுறையில் ஒரு நாள் காலை, தேத்தண்ணித் தூக்கைக் கொடுத்து அம்மா என்னை அவர்களிடம் அனுப்பினாள். மரம் வெட்டி முடிந்து, மரங்களில் கட்டிய மங்குகளில் நிறைந்திருந்த பாலைச் சேகரிக்கும் நேரம். மாமா தேத்தண்ணியைக் குடித்துவிட்டு என்னைத் திருப்பி அனுப்ப மறுத்தார். தனியாக நடக்கக்கூடாதாம்.

“என் பூட்ஸ் தடம் தெரியுதா பாப்பா? அதுல மட்டும் கால வை. வேற எங்கயும் வைக்காத.”

எனக்கு அது நல்ல விளையாட்டாக இருந்தது. அவர் தடத்துக்குள் என் இரண்டு பாதங்களும் அடங்கின. முன்னால் மாமா, நடுவில் நான், பின்னால் வாளியோடு அத்தை. இரண்டு மர நிரை போனதும் விளையாட்டு சலித்துவிட்டது. தண்ணீர் ஓடும் அல்லூறு ஓரமாக ஒரு சின்ன மரம் வில்போல வளைந்து நிற்பதைப் பார்த்தேன். அதன் நுனியிலிருந்து நைலான் நரம்பு ஒன்று சருகுக்குள் இறங்கியது. அப்பாவின் கைவேலை! கோழி மாட்டியிருக்கிறதா என்று பார்க்கத் தடத்தை விட்டு விலகி ஓடினேன். கோழி இல்லை. ஆனாலும் முதலில் பார்த்தவள் நான்தானே. அந்த உற்சாகத்தில் கத்தினேன்.

“மாமா! இங்க கண்ணி!”

மாமா திரும்பினார். அந்த முகத்தை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. “தியாராப்!” என்று மலாயில் அலறினார். குப்புறப் படு என்று பட்டாளத்தில் சொல்லும் சொல் என்பதெல்லாம் எனக்கு அப்போது தெரியாது. கம்பைத் தூக்கி எறிந்துவிட்டு, அதுவரை ஒரு அடிகூடக் குத்திப் பார்க்காமல் வைக்காத மனிதர், அந்தச் சருகின் மேல் என்னை நோக்கி ஓடிவந்தார். ஓடிவந்தார் என்றால், நல்ல காலால் தாவித் தாவி வந்தார். என் பிடரியில் கை வைத்து அழுத்திக் கீழே தள்ளி, என்மேல் முழுசாகக் கவிழ்ந்துகொண்டார்.

எனக்கு மூச்சு முட்டியது. வாயில் சருகு. அவர் நெஞ்சு என் முதுகில் இடித்துக்கொண்டே இருந்தது. கொஞ்சம் பொறுத்து, பக்கத்தில் சருகு நொறுங்கும் சத்தம். கழுத்தைத் திருப்பிப் பார்த்தால் அத்தையும் படுத்திருந்தாள்.

சத்தம் கேட்டுப் பக்கத்து நிரைகளிலிருந்து ஆட்கள் வந்தார்கள். வேலையை மேற்பார்க்கும் தோட்டத்துக் கண்டக்டர் மோட்டார் சைக்கிளில் வந்தார். அப்பாவும் வந்தார். வந்தவர்களில் ஒருவர் அந்த நரம்பைப் பிடித்து இழுத்துப் பார்த்து, “குண்டு இல்ல அண்ணே, கோழி!” என்றார். சிரிப்பு கிளம்பியது. முதலில் ஒருவர், பிறகு நிறையப் பேர். மாமா கண்ணைத் திறக்கவே இல்லை. அவருடைய கை என் தலையை இறுக மூடியபடியே இருந்தது.

அப்பா மட்டும் சிரிக்கவில்லை. இடுப்பிலிருந்து கத்தியை எடுத்துக் கண்ணியை அறுத்தார். நரம்பைச் சுருட்டிச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு யாரையும் பார்க்காமல் நடந்துவிட்டார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் காட்டுக்கோழி சமைத்ததில்லை.

“ஏம்மா, இனிமே இவரை இங்க கூட்டிட்டு வராத” என்றார் கண்டக்டர். “எல்லாருக்கும் வேலை கெடுது.”

“சரிங்க ஐயா” என்றாள் அத்தை. படுத்தபடியேதான் சொன்னாள். கன்னம் சருகில் இருந்தது. “நீங்கள்லாம் போங்க. பால் கட்டிரும். நாங்க பொறவு வாரோம்.”

அவர்கள் போனார்கள். சிரிப்பு நிரை நிரையாகத் தள்ளிப் போய் ஓய்ந்தது. மாமாவின் கைக்கடியிலிருந்து நான் நெளிந்து வெளியே வந்து, அத்தையின் தோளைப் பிடித்து இழுத்தேன்.

“எந்திரிங்க அத்தே. ஒண்ணும் இல்ல. அப்பா வெச்ச கண்ணிதான்.”

“இரு பாப்பா. மாமா சொல்லட்டும்.”

அவள் கண்ணைத் திறந்தபடியே படுத்திருந்தாள். அவர்கள் இருவர் முகத்துக்கும் நடுவே ஒரு சாண்தான் இடைவெளி. அல்லூறில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. வெகுநேரம் கழித்து மாமா, “சரி. எந்திரிக்கலாம்” என்றார். அப்போதுதான் எழுந்தாள். அவரைத் தூக்கி உட்காரவைத்து, சட்டையில் ஒட்டியிருந்த சருகை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டாள்.

மாமா மறுநாள் காட்டுக்கு வரவில்லை. அதற்கப்புறம் எப்போதுமே வரவில்லை. சில வருடங்களில் தோட்டம் கைமாறியது, ரப்பரைச் சாய்த்துவிட்டுச் செம்பனை நட்டார்கள், லயங்கள் காலியாயின. மாமாவும் அத்தையும் ஈப்போவுக்கு வந்து அடுக்குமாடி வீடு ஒன்றில் குடியேறினார்கள். ஒரு கார் நிறுத்துமிடத்தில் மாமாவுக்குக் காவல் வேலை. ஈப்போ அவருக்குப் பிடித்திருந்தது. எங்கே பார்த்தாலும் சிமெண்ட். புல்தரையில் அவர் கால் வைத்து நான் பார்த்ததில்லை. அவர் காலமானபோது இடுகாட்டுப் புல்லின் மேல்தான் அவரைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அத்தை தன் வயதையும் மறந்து எல்லாருக்கும் முன்னால், வேகமாக நடந்துபோனாள். யாரோ தடுத்தும் கேட்கவில்லை.

அன்றைய காலையைப் பற்றி அத்தையிடம் நான் எதுவும் கேட்டதில்லை. ஆனால் ஒன்று என் கண்ணில் அப்படியே நிற்கிறது. அவளும் மாமாவும் எழுந்த பிறகு வாளியைத் தேடினோம். மாமா கத்தியபோது அத்தை நின்ற இடத்திலேயே, ஒரு மரத்தின் வேரோடு அணைத்தாற்போல, சமதரையாகப் பார்த்து அது வைக்கப்பட்டிருந்தது. விளிம்பு வரை பால். சருகில் ஒரு சொட்டு வெள்ளை இல்லை.

அதைப் பார்த்தும் எனக்கு எதுவும் தோன்றவில்லை. அறியாத வயதிலிருந்தே அந்தக் காட்டில் நடந்தவளுக்குக் கோழிக்கண்ணி எது என்று தெரியாமலா இருக்கும் என்றும் தோன்றவில்லை. வெடிக்கும் என்று முழுதாக நம்பிய ஒருவர் விலகி ஓடாமல் ஏன் என்னை நோக்கி ஓடிவந்தார் என்றும் தோன்றவில்லை. ஒரு கோழிக்கண்ணிக்குப் போய் இரண்டு பெரியவர்கள் இப்படிப் பயந்துவிட்டார்களே என்று அவர்களுக்காக வெட்கப்பட்டேன். எங்கள் மூவரில் தைரியசாலி நான் ஒருத்திதான் என்ற நினைப்போடு, தேத்தண்ணித் தூக்கை வீசி ஆட்டிக்கொண்டு, அவர்களுக்கு முன்னால் லயத்தை நோக்கி நடந்தேன்.