மலர் உடைக்காத கோப்பை

ஆறாம் வகுப்பில் பழங்கால எகிப்தியர்களைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். எதிரியின் பெயரை மண்பாத்திரத்தில் எழுதி உடைத்தால் அவன் ஒழிவான் என்று அவர்கள் நம்பினார்கள். பிள்ளைகளுக்கு ஒரே குஷி. விருத்தாசலத்தில் பீங்கானுக்கா பஞ்சம்? சூளையில் கழித்துப்போட்ட கோப்பைகளை ஆளுக்கொன்று கொடுத்தேன்.

என் கண்காட்சி வேலையைத் தன்னுடையதென்று காட்டிப் பாராட்டு வாங்கிய சக ஆசிரியையின் பெயரை, யாருக்கும் காட்டாமல் என் கோப்பையில் எழுதினேன். மைதானச் சுவரில் ஓங்கி அடித்தேன். அப்படியொரு திருப்தி!

மலர் மட்டும் உடைக்கவில்லை. கோப்பையை வாங்கிப் பார்த்தால், என் பெயர்.

"பேனா காணோம்னு என்னெ திருடின்னீங்க டீச்சர். அப்புறம் அது உங்க பையிலயே இருந்துச்சு. கோவத்துல எழுதிட்டேன். ஒடைச்சா உங்களுக்கு எதுனா ஆயிடும்னு பயமா இருக்குது."

மன்னிப்புக் கேட்டேன்.

அந்த ஆசிரியையை இன்றுவரை நான் மன்னிக்கவில்லை. மலரின் கோப்பை மட்டும் என் மேசையில், என் பெயர் தெரியும்படி இருக்கிறது.