ஆறாம் எண் பட்டாம்பூச்சி

இத்தனை ஆண்டுகள் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். சூசைமாணிக்கத்தோடு வேலை பார்த்தவர்களுக்கும், அவர் கழுவி வைத்த சோதனைக் குழாய்களில் பாடம் படித்தவர்களுக்கும் இதைச் சொல்லிவிட வேண்டும்.

செய்தி டீயோடு வந்தது. செவ்வாய்க்கிழமை பதினொரு மணி இடைவேளையில் பணியாளர் அறைக்கு டீ கொண்டுவந்தவர் தம்ளரை மேசையில் வைத்துக்கொண்டே சொன்னார்: "நம்ம புழு சூசை போயிட்டாரு சார். காலைல மூச்சு வாங்குச்சாம். ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள முடிஞ்சுருச்சு." அறையில் இருந்த நான்கு பேரில் இருவருக்கு அவர் யாரென்றே தெரியவில்லை. வேதியியல் துறை ஸ்டோரில் இருந்தவரா என்று கேட்டார்கள். ஆமாம் என்றேன். அது பாதி உண்மை.

சூசைமாணிக்கம் முதலில் எங்கள் விலங்கியல் துறையின் ஆய்வக உதவியாளர். தாடிக்கொம்புப் பக்கம் விவசாயக் குடும்பம். நான் விரிவுரையாளராகச் சேர்ந்தபோது எங்கள் இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது. நான் முதுகலையில் பதக்கம் வாங்கியவன். அவர் பத்தாம் வகுப்போடு நின்றவர். இந்த வித்தியாசத்தை அவர் ஒரு நாளும் மறந்ததில்லை. நான் மறக்க விட்டதில்லை என்பதுதான் சரி.

ஆய்வகத்துக்குப் பின்னால், கை கழுவும் தொட்டியின் தண்ணீர் ஓடும் இடத்தில், அவர் வைத்த எலுமிச்சை மரம் ஒன்று இருந்தது. அதில் முழு இலை ஒன்றைப் பார்ப்பது அபூர்வம். மரம் பழத்துக்கல்ல, புழுவுக்கு. ஊறுகாய் பாட்டிலின் வாயில் கொசுவலைத் துணியைக் கட்டி, உள்ளே கொப்பை வைத்துப் புழு வளர்ப்பார். கடுகை விடச் சற்றுப் பெரிய வெளிர்மஞ்சள் முட்டை, தளிர் இலையில் ஒன்றே ஒன்றாக இருக்கும். மூன்று நான்கு நாளில் வெளியே வரும் புழு, பார்ப்பதற்குக் காக்கை எச்சம் மாதிரி பழுப்பும் வெள்ளையுமாகக் கிடக்கும். எந்தக் குருவியும் அதைத் தொடாது. தோலை உரித்து உரித்து வளர்ந்து, கடைசித் தோலில் பச்சையாகி, தலைக்குப் பின்னால் பொய்க்கண் இரண்டோடு பாம்புக்குட்டி போல விறைக்கும். சீண்டினால் கழுத்திலிருந்து சிவப்பாக இரண்டு கொம்பை நீட்டி நாற்றம் விடும். அந்த வாடையை அவர் என் மூக்கருகே கொண்டுவந்து காட்டிச் சிரித்திருக்கிறார். பிறகு கொப்பில் வால் நுனியை ஒட்டி, இடுப்பில் ஒரே ஒரு பட்டு நூலைக் கட்டிக்கொண்டு கூடாகிவிடும். பனைமரம் ஏறுகிற ஆள் கயிற்றில் சாய்ந்து நிற்பது போல என்பார் அவர்.

இதனால்தான் 'புழு சூசை' என்ற பட்டப்பெயர். சக ஊழியர்கள் கேலி செய்தால், "கூப்புடுங்கப்பா. எனக்கு இன்னும் ரெக்க மொளைக்கல, அம்புட்டுத்தான்" என்பார்.

ஒரு டிசம்பரில் மாணவர்களை அழைத்துக்கொண்டு சிறுமலை அடிவாரத்துக்குப் போனோம். அங்கே ஒரு தோட்டத்து வேலியோரம் நான் வலையில் ஒரு பட்டாம்பூச்சியைப் பிடித்தேன். கறுப்புச் சிறகு, பின்சிறகின் நடுவில் வெள்ளைத் திட்டுகள், ஓரத்தில் சிவப்புப் பிறைகள், வால். காமன் ரோஸ் என்று மாணவர்களிடம் அறிவித்தேன். சூசைமாணிக்கம் பூச்சியை வைத்த காகித உறையை மடித்துக்கொண்டே எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னார்: "சார், அது எலுமிச்சம் மரத்தத்தான சுத்திச்சு. ரோஸுக்கு அங்க என்ன சோலி? அது ஆடுதின்னாப்பாளைக் கொடியில்ல தேடிப் போவும்."

மலரில் தேன் குடிக்க எதுவும் எங்கும் வரும் என்று சொல்லி அவர் வாயை அடைத்தேன். அவர் விடவில்லை. "ரெக்கையப் பாக்காதீக சார். ரெக்க வேசம் போடும். ஒடம்பப் பாருங்க. ரோஸுக்கு ஒடம்பு செவப்பா இருக்கும். இதுக்குக் கறுப்பு."

அவர் சொன்னது முழுக்கச் சரி. ரோஸின் புழு தின்னும் கொடியில் நஞ்சு உண்டு. அந்த நஞ்சு சிறகு முளைத்த பிறகும் உடம்பில் தங்குவதால் பறவைகள் அதை ஒதுக்கிவிடும். காமன் மார்மன் என்ற, எலுமிச்சையும் கறிவேப்பிலையும் தின்று வளரும் வேறொரு பட்டாம்பூச்சியின் பெண், நஞ்சு ஏதுமில்லாமலே அந்தச் சிறகின் கோலத்தை மட்டும் போட்டுக்கொண்டு தப்பிக்கும். உடம்பு மட்டும் மாறாது. இதையெல்லாம் புத்தகத்தில் படித்துப் பதக்கம் வாங்கியவன் நான். ஆனால் மாணவர்கள் எதிரில் அறிவித்தாயிற்று. "நீர் வாத்தியாரா, நான் வாத்தியாரா?" என்று கேட்டேன். "நீங்கதான் சார்" என்று உறையைப் பையில் வைத்தார்.

சிறகை விரித்து, ஊசி குத்தி, பெட்டியில் வைத்து, லேபிளில் ரோஸ் என்றே எழுதினேன். லேபிள் விஷயத்தில் அவர் கறார். நாலு வரி இருக்க வேண்டும்: பெயர், இடம், செடி, பிடித்தவர். ஒரு வரி குறைந்தாலும் பெட்டியை அலமாரியில் ஏற்றமாட்டார். "லேபிள் இல்லாட்டி அது வெறும் செத்த பூச்சி சார். தெருவுல கெடக்குமே, அது மாதிரி."

இனி நான் சொல்ல வந்ததைச் சொல்கிறேன்.

அந்த ஆண்டு செய்முறைத் தேர்வு. மேசைகளில் எண் போட்டு மாதிரிகளை வைப்போம். மாணவர் ஒவ்வொன்றாகப் பார்த்துப் பெயரும் அடையாளமும் எழுத வேண்டும். ஸ்பாட்டர் என்போம். என்ன வைப்பது என்று பட்டியலும் விடையும் எழுதுவது என் வேலை. முந்தின மாலை லேபிள்களை நீக்கி எடுத்து வைப்பது சூசைமாணிக்கத்தின் வேலை. ஆறாம் எண்ணுக்கு என் பட்டாம்பூச்சியை எழுதியிருந்தேன். "இது வேணாமே சார்" என்றார். வையும் என்றேன்.

மறுநாள் வெளியிலிருந்து வந்த தேர்வாளர் ஆறாம் எண் முன் நின்றார். கண்ணாடியைக் கழற்றிக் குனிந்தார். என் விடைப் பட்டியலைப் பார்த்தார். "இது மார்மன் பெண்ணாச்சே. விடையில ரோஸ்னு இருக்கு?" என்று எங்கள் துறைத் தலைவரிடம் கேட்டார். தலைவர் என்னைப் பார்க்கவில்லை. என் விடை தவறாக இருக்கும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. நேராக சூசைமாணிக்கத்திடம் திரும்பி, "ஏன்யா, பெட்டிய மாத்தி வச்சியா? எந்தப் பையன்கிட்ட சொல்லி வச்சிருக்க?" என்றார்.

நான் வாயைத் திறந்தால் போதும். தகுதிகாண் பருவம் முடிய எனக்கு இரண்டு மாதம் இருந்தது. சூசைமாணிக்கம் என்னை ஒருமுறை பார்த்தார். கெஞ்சும் பார்வையல்ல. கொப்பில் புழு இருக்கிறதா என்று பார்ப்பாரே, அப்படி நிதானமான பார்வை. பிறகு, "தப்பு நடந்துபோச்சுங்க சார். நான்தான் மாத்தி எடுத்துட்டேன்" என்றார்.

ஸ்பாட்டரை மாணவர்களுக்கு முன்கூட்டியே சொல்லிக்கொடுத்தார் என்று பேச்சுப் பரவியது. அந்த மாதமே அவரை வேதியியல் துறையின் அமில ஸ்டோருக்கு மாற்றினார்கள். கோடை விடுமுறையில் எலுமிச்சை மரத்தையும் வெட்டினார்கள், தொட்டிக்குப் புதுக் குழாய் போட இடைஞ்சல் என்று. எனக்கு வேலை நிரந்தரமானது.

மாற்றலாகிப் போன அன்று அவர் என் மேசையில் ஒரு சிறு பெட்டியை வைத்துவிட்டுப் போயிருந்தார். அதே பட்டாம்பூச்சி. லேபிள் மட்டும் புதிது. பென்சிலில் குண்டு குண்டான எழுத்தில்: காமன் மார்மன், பெண். சிறுமலை அடிவாரம். எலுமிச்சை. பிடித்தவர் என்ற நான்காவது வரியில் என் பெயர், பட்டத்தோடு.

அதன்பின் பன்னிரண்டு ஆண்டுகள் ஒரே வளாகத்தில் இருந்தோம். எதிரில் பார்த்தால் வணக்கம் சொல்வார். ஒருமுறைகூட அந்த நாளைப் பற்றிப் பேசவில்லை. ஒரு வார்த்தை திட்டியிருந்தால் நான் மன்னிப்புக் கேட்டிருப்பேன். திட்டாததற்காக அவர் மேல் எனக்குக் கோபம் இருந்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் இருந்தது. அவர் வரும் வழியை விட்டு வேறு வழியில் போக ஆரம்பித்தேன்.

அடக்கத்துக்குப் போகவில்லை. மூன்றாம் நாள் வீட்டுக்குப் போனேன். நான் யாரென்று சொன்னதும் அவர் மனைவி, "நீங்கதானா? ஒங்கள பெரிய படிப்பாளின்னு சொல்லுவாக" என்றார். கொல்லையில் ஒரு எலுமிச்சை நின்றது, இலையெல்லாம் கடிபட்டு. "ஒரு காய் உருப்படியா பறிச்சதில்ல. மருந்தடிக்க விட்டாத்தான? ஊறுகா போடக்கூட கடைலதான் வாங்குவேன்" என்று சொல்லிக்கொண்டே வந்தவர், ஒரு கொப்பை விலக்கிக் காட்டினார். நூலைக் கட்டிச் சாய்ந்தபடி ஒரு கூடு. "இது அவுக போறதுக்கு முந்தின நாள் கட்டுனது. இன்னும் ஒரு வாரம்னாக." உண்மையைச் சொல்லத்தான் போயிருந்தேன். மூச்சு வாங்குவது எத்தனை வருடமாக என்று மட்டும் கேட்டேன். "ஸ்டோருக்குப் போனதுல இருந்து இருமலு" என்றார். மருத்துவர் காரணம் எதுவும் சொல்லவில்லையாம். நானும் எதுவும் சொல்லவில்லை. இன்னொரு முறை.

கல்லூரியில் இரங்கல் கூட்டம் நடந்தது. ஓய்வுபெற்ற அந்தத் துறைத் தலைவர் வந்து, கள்ளங்கபடம் அறியாத மனிதர் என்று உருகினார். ஓய்வுபெறும்போது என்னைத் தாண்டி, எனக்கு இளையவரைத் தன் தலைவர் நாற்காலியில் உட்காரவைத்துவிட்டுப் போனவர் அவர். அதை நான் மறக்கப்போவதில்லை. ஆனால் அன்று கோபப்பட எனக்குத் தகுதியில்லை. அவர் தெரியாமல் பழி சுமத்தினார். எனக்குத் தெரியும்.

சூசைமாணிக்கத்திடமிருந்து என்னிடம் இருப்பது அந்தப் பெட்டி ஒன்றுதான். சிவப்புப் பிறைகள் மங்கிவிட்டன. உடம்பு இன்னும் கறுப்பாகவே இருக்கிறது.

சூசைமாணிக்கம் நினைவு மலருக்குக் கட்டுரை அனுப்புவோர் பெயர், பதவி, புகைப்படம் சேர்த்து அனுப்பவும் என்று சுற்றறிக்கை வந்திருக்கிறது. மூன்று நாளாக இந்தத் தாளின் அடியில் பெயரை எழுத முயன்றேன். முடியவில்லை. அன்று ஆய்வகத்தில் இருந்தவர்களுக்கு நான் யாரென்று தெரிந்துவிடும். மற்றவர்களிடம் சொல்ல எனக்கு இன்றும் துணிவில்லை. பெயர் போடாமலே காலையில் தபாலில் சேர்க்கப்போகிறேன். அவர் இருந்திருந்தால், நாலாவது வரி காலியாக இருக்கிறதே சார் என்று இதை வாங்கிப் பார்த்திருப்பார். பிறகு, யாரும் கேட்பதற்கு முன், பென்சிலை எடுத்துத் தன் பெயரை எழுதியிருப்பார்.