கிணற்றடியில் விழுந்த பெண்களும் நான் எழுதிய கடிதமும்

1. மேசை மேல் சட்டப் புத்தகம்

டொக்டருக்கு அடுத்த படியில் நின்று மருந்து கொடுக்கும் அப்போதிக்கரி வேலையில் முதல் நாள் நான் செய்த காரியம் நோயாளியைப் பார்த்தது அல்ல. பீனல் கோட் என்ற தண்டனைச் சட்டப் புத்தகத்தை எல்லோர் கண்ணிலும் படும்படி மேசையில் வைத்ததுதான். இதை வாசிக்கும் இளம் டொக்டர்மாரும் அப்போதிக்கரிமாரும் தாராளமாகச் சிரிக்கலாம். எனக்கு அப்போது வயது இருபத்தாறு. இரண்டாம் உலக யுத்தம் தொடங்க இன்னும் சில வருஷங்கள் இருந்தன. என் மாமா ஒருவர் யாழ்ப்பாணப் பட்டணத்தில் வழக்குப் பேசும் பிறக்கிராசியாரிடம் கிளாக்கராக இருந்தார். "மருந்து குடுக்கிறவன் சட்டம் தெரியாமல் இருந்தால் ஒருநாளைக்கு மாட்டுப்படுவான்" என்று சொல்லி அந்தப் பழைய புத்தகத்தைத் தந்தவர் அவர்தான்.

என் ஊர் உரும்பிராய். வேலை கிடைத்தது வலிகாமத்திலேயே வேறொரு கிராமத்தில், அரசாங்க டிஸ்பென்சரியில். அந்தக் கிராமத்தின் பெயரைச் சொல்லமாட்டேன். காரணம் போகப் போகத் தெரியும்.

அந்தப் புத்தகத்தில் நான் கரைத்துக் குடித்தது கருச்சிதைவுப் பிரிவை. தாயின் உயிரைக் காப்பாற்ற நல்லெண்ணத்தோடு செய்தாலன்றிக் கருவைக் கலைப்பது குற்றம். மூன்று வருஷம் வரை மறியல், அதாவது சிறை. வயிற்றில் பிள்ளை துடிக்கத் தொடங்கிய பிறகு என்றால் ஏழு வருஷம் வரை. தனக்குத் தானே செய்துகொண்ட பெண்ணும் குற்றவாளிதான். வெள்ளைக்காரன் இந்தியாவுக்கு எழுதிய சட்டத்தைப் பார்த்து எங்களுக்கும் எழுதியது. எனக்கு அது முழுக்க மனப்பாடம். அளவாகக் கலந்து கொடுக்க வேண்டிய மிக்சர்கள் பல அப்போது மனப்பாடம் இல்லை.

ஆகவே இரத்தப் போக்கோடு ஒரு பெண் வந்தால் நான் முதலில் நாடியைப் பிடிக்கமாட்டேன். பேனையைப் பிடிப்பேன். "எப்படி நடந்தது? ஆர் என்ன மருந்து தந்தது?" என்று கேட்பேன். எல்லோரும் ஒரே பதிலைத்தான் சொன்னார்கள்.

"கிணத்தடியிலை சறுக்கி விழுந்திட்டன் ஐயா."

அதை அப்படியே ரெஜிஸ்டரில் எழுதிவிடுவேன். எங்கள் மிட்வைஃப் செல்லம்மாக்கா, என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவர், நான் எழுதும்போதெல்லாம் முகட்டைப் பார்த்துக்கொண்டு நிற்பார். நல்ல தெய்வ பக்தி உள்ள மனுஷி என்று நான் நினைத்துக்கொண்டேன்.

2. பதினொரு கிணறுகள்

வருஷ முடிவில் ரெஜிஸ்டரைக் கூட்டிப் பார்த்தபோது திடுக்கிட்டுப் போனேன். பதினொரு பெண்கள் கிணற்றடியில் விழுந்திருந்தார்கள். பதினொருவருக்கும் கரு அழிந்திருந்தது. ஆண் ஒருவரும் விழவில்லை. கிழவி ஒருத்தியும் விழவில்லை. மூளை உள்ள ஒருவன் இந்த இடத்தில் கொஞ்சம் யோசித்திருப்பான். நான் யோசிக்கவில்லை, கடிதம் எழுதினேன்.

சனிட்டரி இன்ஸ்பெக்டருக்கு இரண்டு பக்கம், முத்து முத்தான இங்கிலீசில். இப்பகுதிக் கிணற்றடிகள் பாசி பிடித்துக் கர்ப்பிணிகளுக்கு ஆபத்தாக இருக்கின்றன, உடனே சீமெந்து போட வேண்டும் என்று. ஆதாரமாக ஒரு பட்டியலும் இணைத்தேன். எங்கள் பக்கத்தில் பெரும்பாலும் வீட்டுக்கொரு கிணறு. கிணற்றின் பெயரை எழுதினால் வீட்டின் பெயரை எழுதியதாகும், வீட்டின் பெயரை எழுதினால் பெண்ணின் பெயரை எழுதியதாகும் என்பது எனக்குத் தட்டவில்லை. வீட்டுக்காரர் பெயர், ஒழுங்கையின் பெயர் எல்லாம் போட்டு, கீழே கோடு வேறு அடித்துக் கொடுத்தேன்.

இன்ஸ்பெக்டர் கடமை தவறாதவர். சைக்கிளில் பட்டியலோடு வந்து, ஒவ்வொரு வீட்டு வாசல் படலையிலும் நின்று உரத்துக் கேட்டார்.

"இந்த வீட்டிலை கிணத்தடியிலை விழுந்து கரு அழிஞ்சது ஆருக்கு? எந்த இடத்திலை விழுந்தவ எண்டு வந்து காட்டச் சொல்லுங்கோ."

அதுவரை மாமிமாருக்குத் தெரியாமல் இருந்தது அன்றைக்குத் தெரிந்துபோனது. பக்கத்து வளவுக்காரர் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார்கள். ஆறு வீடுகள் முடிந்தன. ஏழாவது வீட்டுக்காரர் மலாயாவில் ரயில்வே உத்தியோகத்தில் இருந்தார். கடைசியாக ஊருக்கு வந்து போய் இரண்டு வருஷம். அந்த வீட்டுப் படலைக்கு இன்ஸ்பெக்டர் போய்ச் சேர முன்னரே செல்லம்மாக்கா குறுக்கு ஒழுங்கையால் ஓடிப் போய் மூச்சு வாங்க நின்றார்.

"இஞ்சை விழுந்தது ஆடு ஐயா. சினை ஆடு. எங்கடை அப்போதிக்கரி ஐயா ஆட்டையும் எழுதுவார், மாட்டையும் எழுதுவார்."

இன்ஸ்பெக்டர் அதையும் குறித்துக்கொண்டார். ஆடு.

பின்னேரம் டிஸ்பென்சரிக்கு வந்து தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டு சொன்னார்: "என்ன காணும், உம்மடை பொம்பிளையள் விழுற கிணறெல்லாம் என்ரை வீட்டுக் கிணத்தைவிடத் திறமாய்க் கிடக்குது. பாசியும் இல்லை, ஒண்டும் இல்லை. என்னை ஏன் வெயிலுக்கை அலைச்சனீர்?"

அவர் போனதும் செல்லம்மாக்கா மேல் நான் பாய்ந்தேன். அரசாங்க விசாரணையில் ஆடு என்று பொய் சொல்லலாமா என்று கேட்டேன். அதுவரை என்னை ஐயா என்றே கூப்பிட்டு வந்தவர் அன்றைக்குத் தம்பி என்றார்.

"தம்பி, ஒருத்தரும் விழேல்லை. விழுந்தனான் எண்டு சொன்னால்தான் நீங்கள் மருந்து தருவியள் எண்டு சொல்லிக் குடுத்தது நான். இனி என்னத்தைச் சொல்லிக் குடுக்கிறது? நீங்களே சொல்லுங்கோ."

ஒரு வருஷமாக ஊர் முழுக்கத் தெரிந்த விஷயம் எனக்கு மட்டும் தெரியாமல் இருந்திருக்கிறது. வெட்கமாக இருந்தது. ஆனால் அந்த வெட்கம் முழுக்க என்னைப் பற்றியது. அந்தப் பதினொரு பேரைப் பற்றி அன்றைக்கு நான் நினைக்கவில்லை.

இன்ஸ்பெக்டரின் அறிக்கை பெரிய ஆஸ்பத்திரி டொக்டருக்கும் போயிருந்தது. அவர் கூப்பிட்டு அனுப்பினார். சீமையில் படித்தவர், சத்தம் போட்டுப் பேசமாட்டார்.

"பிள்ளைத்தாச்சியளைப் பற்றிப் பொலிசுக்கோ இன்ஸ்பெக்ரருக்கோ எழுதச் சொல்லி எந்தச் சட்டத்திலை கிடக்குது?" என்று கேட்டார்.

எனக்குத் தெரிந்தவரை ஒன்றிலும் இல்லை. குற்றம் என்று மட்டும்தான் கிடந்தது. காட்டிக் கொடுக்கும் வேலை நானாக எடுத்துப் போட்டுக்கொண்டது.

"ரஷ்யாவிலை இதை ஆஸ்பத்திரியிலையே செய்து விட்டவங்கள். சீமையிலை எங்களைப் போலத்தான், ஒளிச்சு மறைச்சு. எந்த நாட்டிலையும் பொம்பிளையள் செய்யாமல் விட்டதாய் நான் கேள்விப்படேல்லை. ஒரு நாட்டிலை உயிரோடை வீட்டை போயினம், மற்ற நாட்டிலை போகேல்லை. அவ்வளவுதான் வித்தியாசம். நீர் போய் வேலையைப் பாரும்."

3. பூச்சியம்

போய் வேலையைப் பார்த்தேன். அதற்குப் பிறகு மூன்று மாதம் இரத்தப் போக்கென்று ஒரு பெண்ணும் டிஸ்பென்சரிப் பக்கம் வரவில்லை. மாத அறிக்கையில் கருச்சிதைவுக்கு ஒரு பத்தி உண்டு. மூன்று மாதமும் அதில் பூச்சியம் போட்டேன். சொன்னால் நம்பமாட்டீர்கள், எனக்கு அது பெருமையாக இருந்தது. என்னுடைய கண்டிப்பால் ஊர் திருந்திவிட்டது என்று மாமாவுக்குக் கடிதமும் போட்டேன்.

நாலாவது மாதம் ஒருநாள் மத்தியானம், டிஸ்பென்சரி மூடும் நேரம், வாசலில் ஒரு மாட்டு வண்டி வந்து நின்றது. புகையிலைத் தோட்டக்காரர் கந்தையா ஓட்டி வந்தார். உள்ளே வைக்கோலுக்கு மேல் பாய் விரித்து அவர் மனைவி பாக்கியம் கிடந்தாள். ஆறு பிள்ளைகளின் தாய். ஆறாவது பிரசவத்தில் இரத்தம் நிற்காமல் செத்துப் பிழைத்தவள். இன்னொன்று தாங்காது என்று செல்லம்மாக்கா அப்போதே சொல்லியிருந்தார். ஏழாவது தங்கியதும் யாரிடமோ எதையோ வாங்கிக் குடித்திருக்கிறாள். ஐந்து நாளாகக் காய்ச்சல். கிட்டப் போனதுமே மணத்தில் எனக்கு விளங்கிவிட்டது.

விளங்கியும் என் வாய் பழக்கத்தை விடவில்லை. "ஆர் குடுத்தது? என்ன குடுத்தது?" என்றேன். கையில் பேனை இருந்தது.

கந்தையா வண்டித் தட்டை மறித்துக்கொண்டு நின்றார்.

"ஐயா, எழுதாமல் பாக்கிறதெண்டால் இறக்கிறன். எழுதுறதெண்டால் இப்பிடியே திருப்பிக்கொண்டு போறன். அவள் மறியலுக்குப் போனால் ஆறு பிள்ளையளையும் ஆர் பாக்கிறது?"

சாகக் கிடக்கும் மனைவியைத் திருப்பிக்கொண்டு போக ஒரு மனிதன் ஆயத்தமாக நின்றான். அவனைப் பயமுறுத்தியது காய்ச்சல் இல்லை, நான்தான். பேனையைக் கீழே வைத்தேன்.

பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்ப, வருத்தம் என்னவென்று குறித்துத் துண்டுக் கடிதம் எழுத வேண்டும். துண்டு என்றதும் கந்தையா மறுபடியும் மாட்டைத் திருப்பப் பார்த்தார். ஆகவே வாயால் சொல்ல நானே போனேன். சந்தியில் நின்ற வாடகைக் காரைப் பிடித்து, லீவு கேட்காமல், டிஸ்பென்சரிப் பூட்டின் திறப்பைச் செல்லம்மாக்காவிடம் கொடுத்துவிட்டு ஏறினேன். பாக்கியம் பின் சீட்டில் புருஷன் மடியில் கிடந்தாள். பாதி வழியில் கண்ணைத் திறந்தாள்.

"ஏன் பிள்ளை முதலே வரேல்லை?" என்று கேட்டேன்.

"கருத் தங்கின உடனை வருவமெண்டு இருந்தனான் ஐயா. என்ன சொல்லுறதெண்டு தெரியேல்லை" என்றாள்.

டொக்டர் தன்னால் ஆனதெல்லாம் செய்தார். இப்போது உங்கள் கையில் இருக்கும் பெனிசிலின் அப்போது இல்லை. மூன்றாம் நாள் காலை பாக்கியம் செத்துப் போனாள். வராந்தாவில் கந்தையா என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"ஐயா ஒண்டும் எழுதேல்லைத்தானே?"

"இல்லை" என்றேன். கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுப் போனார். அந்தக் கும்பிடு இன்றைக்கும் எனக்குச் சீரணிக்கவில்லை.

அன்றைக்கு டொக்டர் ஒரு விஷயம் சொன்னார். ஆறாவது பிரசவத்தில் அவள் பட்ட பாட்டுக்கு, தொடக்கத்திலேயே அவரிடம் வந்திருந்தால், தாயின் உயிரைக் காக்க என்று சட்டத்துக்குள் நின்றே ஆஸ்பத்திரியில் வைத்து அவர் செய்திருப்பாராம். சட்டத்தில் அவளுக்கு ஒரு வாசல் இருந்தது. மனப்பாடமாகச் சொல்லக்கூடிய நான் அதை அவளுக்குச் சொல்லவில்லை. சொல்லும்படி என்னிடம் வரவும் விடவில்லை.

இப்போது எந்த நாட்டில் ஆயிரம் பெண்களுக்கு எத்தனை கருச்சிதைவு என்று பத்திரிகைகளில் போடுகிறார்கள். வாசியுங்கள், ஆனால் அந்த எண்களின் அடியில் என்னைப் போன்ற ஒருவன் பேனையோடு இருந்திருப்பான் என்பதை மறக்காதீர்கள். சட்டம் இறுகிய இடத்தில் எண் சிறிதாக இருந்தால் சந்தோஷப்படாதீர்கள். அங்கே பெண்கள் யாருக்குப் பயந்து வீட்டில் கிடக்கிறார்கள் என்று கேளுங்கள். வந்தவளை முதலில் பாருங்கள், கேள்வி பிறகு. மீதி இருபத்தெட்டு வருஷமும் நான் அப்படித்தான் வேலை செய்தேன்.

பாக்கியத்துக்கு முப்பத்திரண்டு வயது. அவளை நீர் கொல்லவில்லை என்று டொக்டர் என் தோளில் தட்டிச் சொன்னார். அவர் நல்ல மனிதர்.